மூன்றரைக் கட்டை ஏன் இல்லை?

தருமபுரி மாவட்டத்தின் பென்னாகரம், பாலக்கோடு பக்கத்துத் திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதக் கூத்து நடக்கும் இரவுகளில், பாடுகிறவரும் ஆர்மோனியக்காரரும் முதலில் பேசிக்கொள்வது சுருதியைப் பற்றித்தான். "நாலரை வைங்க" என்பார் ஒருவர். தொண்டை கட்டியிருந்தால் "நாலே போதும்" என்பார். ஒன்று, ஒன்றரை, இரண்டு, இரண்டரை, மூன்று, நான்கு, நாலரை, ஐந்து, ஐந்தரை, ஆறு, ஆறரை, ஏழு. ஆர்மோனியக் கட்டைகளை எண்ணும் வரிசை இது. வாய்விட்டு ஒருமுறை சொல்லிப் பாருங்கள். மூன்றுக்கு அடுத்து மூன்றரை வரவில்லை. ஏழுக்குப் பின் ஏழரையும் இல்லை; நேரே அடுத்த ஸ்தாயியின் ஒன்று வந்துவிடுகிறது.

பியானோ கற்க உட்காரும் ஒருவர் முதல் நாள் தெரிந்துகொள்ள வேண்டியது முழுவதும் இந்த வரிசைக்குள் இருக்கிறது. வெள்ளைக் கட்டைகள் முழு எண்கள், கறுப்புக் கட்டைகள் அரைகள். ஒன்றரையும் இரண்டரையும் சேர்ந்து இரண்டு கறுப்பு. மூன்றரை இல்லாததால் அங்கே ஓர் இடைவெளி. பிறகு நாலரை, ஐந்தரை, ஆறரை என்று மூன்று கறுப்பு. ஏழரை இல்லாததால் மறுபடியும் இடைவெளி. இரண்டு, மூன்று, இரண்டு, மூன்று என்று பலகையின் இந்த முனையிலிருந்து அந்த முனை வரை இதே கோலம்தான். மேற்கத்தியர் சி, டி, ஈ, எஃப், ஜி, ஏ, பி என்று சொல்வதும் நம் ஊர்க் கலைஞர் ஒன்று முதல் ஏழு வரை எண்ணுவதும் ஒரே ஏழு கட்டைகளை. சி என்பது ஒரு கட்டை. இரட்டைக் கறுப்புக்கு இடப்பக்கம் ஒட்டியிருக்கும் வெள்ளை. எஃப் என்பது நான்கு கட்டை. மூன்று கறுப்புக்கு இடப்பக்கம் ஒட்டியிருக்கும் வெள்ளை. இந்த இரண்டையும் கண்ணை மூடிக்கொண்டு விரலால் தடவியே கண்டுபிடித்துவிடலாம். கறுப்புக் கட்டைகள் உயர்ந்து நிற்பதன் பெரும்பயன் அதுதான். எல்லாக் கட்டைகளும் ஒரே உயரத்தில் வெள்ளையாகவே இருந்திருந்தால் நடுவில் எங்கே இருக்கிறோம் என்று எந்த வித்வானுக்கும் தெரியாது.

மூன்றரை ஏன் இல்லை என்பதற்கு விடை இயற்பியலில் இருக்கிறது. பியானோவின் நடு சி ஒரு நொடிக்கு ஏறத்தாழ 261.6 முறை அதிர்கிறது. அதை ஒட்டிய கறுப்பு 277.2. அடுத்த வெள்ளையான டி 293.7. ஒவ்வொரு கட்டைக்கும் அதிர்வெண் ஏறத்தாழ 1.0595 மடங்காகிறது. ஒன்றை இந்தப் பெருக்கத்தால் பன்னிரண்டு முறை பெருக்கினால் 2 வரும். அதாவது மேல் ஸ்தாயி. இனி மூன்றாம் கட்டையைப் பாருங்கள்: ஈ, 329.6. நான்காம் கட்டையான எஃப், 349.2. இவை இரண்டுக்கும் இடையிலான பெருக்கமும் அதே 1.0595தான். ஒன்றுக்கும் இரண்டுக்கும் நடுவே இரண்டு படி தூரம் இருப்பதால் ஓர் அரைக்கட்டைக்கு இடம் கிடைத்தது. மூன்றுக்கும் நான்குக்கும் நடுவே தூரமே ஒரு படிதான். அங்கே வேறு கட்டையை நுழைக்க இடமில்லை. கண்ணுக்கு வெள்ளைக் கட்டைகள் சம அகலத்தில் தெரிந்தாலும் காதுக்கு அவை சம தூரத்தில் இல்லை. பியானோ கற்பவர் முதலில் மனத்தில் வாங்கவேண்டிய உண்மை இது.

இந்த ஏற்பாடு ஐரோப்பாவில் மட்டும் தோன்றியதன்று. சிலப்பதிகாரத்தின் ஆய்ச்சியர் குரவையில் மாதரி ஏழு பெண்களை வட்டமாக நிறுத்தி, குரல், துத்தம், கைக்கிளை, உழை, இளி, விளரி, தாரம் என்று ஏழு இசையின் பெயர்களைச் சூட்டுகிறாள். பழைய உரைகளை ஒட்டி வரும் வட்டப்பாலை விளக்கம், பன்னிரண்டு இராசி வீடுகளில் இந்த ஏழு இசையும் எந்தெந்த வீட்டில் நிற்கின்றன என்று சொல்கிறது: இடபம், கடகம், சிங்கம், துலாம், தனுசு, கும்பம், மீனம். ஒரு தாளில் பன்னிரண்டு கட்டம் போட்டு, மேடத்திலிருந்து தொடங்கி, இந்த ஏழையும் வெள்ளையாக விடுங்கள். மற்ற ஐந்தையும் கறுப்பாக்குங்கள். கன்னி, விருச்சிகம், மகரம் என மூன்று கறுப்பு. மேடம், மிதுனம் என இரண்டு கறுப்பு. கடகமும் சிங்கமும் ஒட்டி நிற்கின்றன. கும்பமும் மீனமும் ஒட்டி நிற்கின்றன. நடுவே அரைக்கட்டை இல்லாத இரண்டு இடங்கள் அவை. அச்சு அசலாகப் பியானோவின் பலகை!

தஞ்சையில் மருத்துவராக இருந்த ஆபிரகாம் பண்டிதர் 1917-இல் வெளியிட்ட 'கருணாமிர்த சாகர'த்திலும், ஈழத்தின் காரைதீவில் பிறந்த விபுலாநந்த அடிகள் 1947-இல் வெளியிட்ட 'யாழ் நூ'லிலும் இந்த வட்டத்தை வைத்துப் பக்கம் பக்கமாகக் கணக்குப் போட்டிருக்கிறார்கள். ஒரு ஸ்தாயிக்குள் சுருதிகள் இருபத்திரண்டா இருபத்துநான்கா என்ற வழக்கு இன்னும் ஓயவில்லை. ஆனால் பன்னிரண்டு இடம், அதில் ஏழு இருக்கை என்ற அமைப்பில் வழக்கு இல்லை. காரணம் மனிதக் காது. ஒரு சுரத்தோடு, அதிலிருந்து ஐந்தாவதான பஞ்சமம் இனிமையாகப் பொருந்தும். அந்தப் பஞ்சமத்தின் பஞ்சமம் அதனோடு பொருந்தும். இப்படியே ஆறு முறை தாவினால் ஏழு சுரங்கள் கிடைக்கும். அவற்றை ஒரே ஸ்தாயிக்குள் அடுக்கினால் இந்தச் சமமற்ற இடைவெளிகள் தாமே வந்து விழும். காதை நம்பி யாழ் கட்டியவர்களும் காதை நம்பிப் பலகை செய்தவர்களும் ஒரே இடத்துக்கு வந்து சேர்ந்திருக்கிறார்கள்.

பலகை புரிந்துவிட்டது. அடுத்தது தாள். பெரும்பாலோர் மிரள்வது இங்கேதான். ஐந்து கோடு, அதன்மேல் புள்ளிகள், வால்கள், கொக்கிகள்.

இசையை எழுதிவைப்பது நமக்குப் பழக்கமான காரியம். ஈரோடு மாவட்டத்து அறச்சலூரில் ஒரு குகைப் பாறையில், தாளச் சொற்கள் என்று அறிஞர்கள் கருதும் எழுத்துகள் ஐந்துக்கு ஐந்தாக அடுக்கி வெட்டப்பட்டிருக்கின்றன. புதுக்கோட்டைக் குடுமியான்மலையில் 7ஆம் நூற்றாண்டுக் கிரந்த எழுத்தில் சுர வரிசைகளே கல்வெட்டாக இருக்கின்றன. இன்று பாட்டு வகுப்பில் எழுதும் ச ரி க ம, மேல் ஸ்தாயிக்கு மேலே புள்ளி, கீழுக்குக் கீழே புள்ளி, நீட்டலுக்குக் கால்புள்ளி, அரைப்புள்ளி எல்லாம் அந்த மரபின் தொடர்ச்சி. இவை அனைத்தும் எழுத்து முறை. ஒவ்வொரு சுரத்துக்கும் ஒரு பெயர். பெயரை எழுதிவிட்டால் வேலை முடிந்தது.

ஐந்து கோட்டு முறை அப்படியல்ல. அது படம். சுமார் 1025-இல் இத்தாலியின் அரெஸ்ஸோ நகரில் குயிதோ என்ற துறவி, தேவாலயப் பாடகர்கள் ஒவ்வொரு பாட்டையும் கேட்டுக் கேட்டே மனப்பாடம் செய்யப் பல ஆண்டுகள் வீணாவதைப் பார்த்து, கோடு போட்டு அதன்மேல் சுரத்தை வைத்தார். அவர் போட்டது நான்கு கோடு. ஐந்தாவது பிற்பாடு வந்தது. மேலே போனால் சுரம் உயரும். வலப்பக்கம் போனால் நேரம் நகரும். பள்ளியில் வரைபடத்தாளில் வரைந்தோமே, எக்ஸ் அச்சு, ஒய் அச்சு, அதுவேதான். தெக்கார்த் அச்சுகளைப் பற்றி எழுதுவதற்கு ஆறு நூற்றாண்டு முன்பே இசைக்காரர்கள் வரைபடம் போட்டுக்கொண்டிருந்தார்கள்.

சுரம் ஓர் அச்சு, காலம் ஓர் அச்சு என்று இசையைப் பிரித்துப் பார்ப்பதற்குத் தருமபுரிக்காரர்களுக்கு மிகப் பழைய சான்று ஒன்று உண்டு. இந்த ஊர் தகடூராக இருந்தபோது அதியமான் நெடுமான் அஞ்சியைப் பாடிய ஔவையார், புறநானூற்றின் 92ஆம் பாட்டில் குழந்தையின் மழலையைப் பற்றிச் சொல்கிறார். அது யாழிசைக்கு ஒத்துவராது, காலத்தோடும் சேர்ந்துவராது, பொருளும் விளங்காது. ஆனாலும் பெற்றவனுக்கு அதன்மேல் அன்பு பெருகும் என்கிறார். ஓர் ஒலி இசையாவதற்கு எதெதோடு ஒத்துப்போக வேண்டும் என்று கேட்டால் அவர் முதலில் சொல்லும் இரண்டும் ஐந்து கோட்டுத் தாளின் இரண்டு அச்சுகளே. புதிதாகக் கற்பவரின் தப்பும் தவறுமான வாசிப்பை வீட்டார் எப்படிக் கேட்க வேண்டும் என்பதும் அந்தப் பாட்டில் இருக்கிறது.

ஏன் எழுத்தை விட்டுப் படத்துக்குப் போகவேண்டும்? ஒரே நேரத்தில் ஒரு சுரம் ஒலிக்கும் இசைக்கு எழுத்து போதும். பியானோவில் இரண்டு கை, பத்து விரல். ஐந்தாறு சுரங்கள் ஒன்றாக ஒலிக்கும்போது எழுத்து முறை திணறிவிடும். படத்தில் புள்ளிகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினால் போதும். நம் பாட்டைப் படமாக்கிப் பார்த்தவர்களும் இருந்தார்கள். 1890-களில் சென்னையில் ஏ. எம். சின்னசாமி முதலியார் கர்நாடகக் கீர்த்தனைகளை ஐந்து கோட்டில் எழுதி அச்சிட்டார். கண்பார்வை கெடுகிற அளவுக்கு அதில் உழைத்தார். சுரங்களை வளைத்தும் அசைத்தும் பாடும் கமகங்களை அந்தத் தாளில் பிடிப்பது எளிதன்று. அவர் வற்புறுத்தியதன் பயனாக சுப்பராம தீட்சிதர் 1904-இல் எட்டயபுரத்திலிருந்து 'சங்கீத சம்பிரதாய பிரதர்சினி'யைக் கொண்டுவந்தார். ஒவ்வொரு முறைக்கும் அதனதன் வேலை உண்டு. வளைவும் அசைவும் உள்ள இசைக்குச் சுர எழுத்து, அடுக்கும் கூட்டமும் உள்ள இசைக்குக் கோடு என்பது என் கருத்து.

சரி, படிப்பது எப்படி? பியானோத் தாளில் ஐந்து கோடு இரண்டு தொகுதியாக இருக்கும். மேலே உள்ளது வலது கைக்கு. அதன் தொடக்கத்தில் சுருண்ட ஒரு குறி. அதை டிரெபிள் கிளெஃப் என்பார்கள். அந்தச் சுருள் கீழிருந்து இரண்டாவது கோட்டைச் சுற்றி நிற்கும். அந்தக் கோடு ஜி, அதாவது ஐந்து கட்டை. கீழ்த் தொகுதி இடது கைக்கு. அதன் குறி பேஸ் கிளெஃப். அதன் இரண்டு புள்ளிகள் மேலிருந்து இரண்டாவது கோட்டுக்கு மேலும் கீழுமாக நிற்கும். அந்தக் கோடு எஃப், நான்கு கட்டை. இரண்டு தொகுதிக்கும் நடுவே ஒரு சிறு கோட்டுத் துண்டில் உட்கார்ந்திருப்பது நடு சி.

இப்போது பலகைக்கு வாருங்கள். இரண்டு கட்டைவிரலையும் நடு சி-யின்மேல் சேர்த்து வையுங்கள். மற்ற விரல்களை ஒரு கட்டைக்கு ஒரு விரலாக, வெள்ளைக் கட்டைகள்மேல் இரு பக்கமும் பரப்புங்கள். வலது சுண்டுவிரல் எங்கே நிற்கிறது? டிரெபிள் குறி சுற்றிய அதே ஜி-யில். இடது சுண்டுவிரல்? பேஸ் குறி காட்டிய அதே எஃப்-இல். இரண்டு குறிகளும் நடுவிலிருந்து ஆளுக்கு ஒரு கை அகலம். தாளில் உள்ள மூன்று அடையாளங்களும் உங்கள் கைக்குள்ளேயே இருக்கின்றன. முதல் வாரத்துக்கு இந்த மூன்று போதும்.

இங்கே பல ஆசிரியர்கள் வேறு வழியில் போகிறார்கள். மேல் தொகுதியின் கோடுகள் ஈ, ஜி, பி, டி, எஃப். இடைவெளிகள் எஃப், ஏ, சி, ஈ. கீழ்த் தொகுதிக்கு வேறு பட்டியல். அவற்றை நினைவில் வைக்க ஆங்கிலத்தில் வாக்கியங்கள் உண்டு. குழந்தைகள் அதை வாய்ப்பாடு போல ஒப்பிக்கிறார்கள். நான் இதை ஏற்கவில்லை. ஒப்பிக்கும் பிள்ளை ஒரு புள்ளியைப் பார்த்ததும் கீழ்க்கோட்டிலிருந்து வாக்கியத்தைத் தொடங்கி, எண்ணி, எழுத்தைக் கண்டுபிடித்து, பிறகு அந்த எழுத்துக்குரிய கட்டையைத் தேடுகிறது. அதற்குள் பாட்டு எங்கோ போய்விடும்.

தேர்ந்தவர்கள் அப்படிப் படிப்பதில்லை. 1974-இல் ஜான் ஸ்லோபோடா என்ற பிரிட்டிஷ் உளவியலாளர் இதைச் சோதித்தார். ஒருவர் பார்த்து வாசித்துக்கொண்டிருக்கும்போது தாள் திடீரென்று கண்ணிலிருந்து மறைக்கப்பட்டது. அதன்பிறகும் எத்தனை சுரம் சரியாக வாசிக்க முடிகிறது என்று எண்ணினார். திறமையானவர்கள் ஏழு சுரம் வரை தொடர்ந்தார்கள். பழக்கம் குறைந்தவர்கள் மூன்று நான்கில் நின்றார்கள். விரலுக்கு முன்னால் கண் அவ்வளவு தூரம் ஓடிக்கொண்டிருக்கிறது. தனித்தனி எழுத்தாகக் கூட்டிப் படித்தால் இது நடக்காது. பேருந்தின் பலகையில் 'தருமபுரி' என்று இருப்பதை நாம் எழுத்துக் கூட்டியா படிக்கிறோம்? சொல் முழுதாகக் கண்ணில் விழுகிறது. இசைத்தாளும் அப்படி விழவேண்டும்.

அதற்கு வழி, பெயரை விட்டுத் தூரத்தைப் பார்ப்பது. ஒரு புள்ளி கோட்டில் இருந்து அடுத்தது அதை ஒட்டிய இடைவெளியில் இருந்தால், பலகையில் அடுத்த வெள்ளை. கோட்டிலிருந்து அடுத்த கோட்டுக்குப் போனால் நடுவே ஒரு வெள்ளையைத் தாண்டல். மேலே என்றால் வலப்பக்கம், கீழே என்றால் இடப்பக்கம். ஓர் உதாரணம்: டிரெபிள் தொகுதியில் முதல் புள்ளி இரண்டாம் கோட்டில். குறி சுற்றிய கோடு, ஜி. அடுத்தது மூன்றாம் கோட்டில். கோட்டிலிருந்து கோடு, ஒரு தாண்டல் மேலே. மூன்றாவது புள்ளி அதற்குக் கீழ் இடைவெளியில். ஒரு படி இடப்பக்கம். நான்காவது அதற்கும் கீழ் இடைவெளியில். இடைவெளியிலிருந்து இடைவெளி, ஒரு தாண்டல் இடப்பக்கம். கட்டைக் கணக்கில் ஐந்து, ஏழு, ஆறு, நான்கு. பெயர் தேவைப்பட்டது முதல் புள்ளிக்கு மட்டும். மற்ற மூன்றையும் விரல் தூரம் பார்த்தே போய்ச் சேர்ந்துவிட்டது.

மூளையும் இதை இடத்தைப் பற்றிய அறிவாகவே எடுத்துக்கொள்கிறது. லண்டனில் லாரன் ஸ்டூவர்ட்டும் உடனிருந்தவர்களும் 2003-இல் வெளியிட்ட ஆய்வில், இசை தெரியாத பெரியவர்களுக்குப் பதினைந்து வாரம் கீபோர்டு வாசிக்கவும் தாள் படிக்கவும் கற்றுக்கொடுத்தார்கள். கற்பதற்கு முன்னும் பின்னும் மூளையை ஸ்கேன் செய்தார்கள். தாளைப் பார்த்து வாசிக்கும்போது புதிதாகச் சுறுசுறுப்பு காட்டியது, உச்சந்தலைக்குச் சற்றுப் பின்னால் உள்ள பரைட்டல் மடலின் மேற்பகுதி. கண் கண்ட இடத்தைக் கையின் அசைவாக மாற்றித் தரும் பகுதி அது. அவர்கள் அனைவரும் வளர்ந்தவர்கள் என்பதையும் கவனியுங்கள். வயதாகிவிட்டது, இனி ஏறாது என்பதற்கு அறிவியலில் ஆதாரம் இல்லை. 1943-இல் பண்ணைப்புரத்தில் பிறந்த இளையராஜா, 1960-களின் இறுதியில் சென்னைக்கு வந்த பிறகுதான் தன்ராஜ் மாஸ்டரிடம் மேற்கத்திய இசையை முறையாகப் படித்தார்.

கொஞ்சம் பாட்டு கற்றவர்களுக்கு மட்டும் ஒரு சிக்கல் வரும். நடு சி-யில் தொடங்கி வெள்ளைக் கட்டைகளை வரிசையாக வாசித்தால் சங்கராபரணம் கேட்கும். உடனே சி என்றால் ச, டி என்றால் ரி என்று முடிவுகட்டி, தாளில் ஒவ்வொரு புள்ளிக்கும் மேலே பென்சிலால் ச ரி க எழுதத் தோன்றும். முதல் பத்துப் பாடம் வரை இது வேலை செய்யும். ஜி-யை ஆதாரமாகக் கொண்ட பாடம் வந்ததும் குழப்பிவிடும். ஸட்ஜம் ஐந்து கட்டைக்கு நகர்ந்துவிட்டது. நாலு கட்டைக்குப் பதில் நாலரை வாசிக்கவேண்டும் என்று தாளின் தொடக்கத்திலேயே ஒரு குறி போட்டிருக்கும். கூத்துக்காரர்கள் இந்த வேறுபாட்டை எப்போதும் சரியாகவே கையாள்கிறார்கள். கட்டை என்பது பெட்டியில் உள்ள இடம், அது நகராது. ஸட்ஜம் என்பது பாடுபவர் தேர்ந்துகொள்ளும் ஆதாரம். அது ஆளுக்கு ஆள் நகரும். தாளில் உள்ள சி, டி, ஈ கட்டை வகையைச் சேர்ந்தவை. சுரத்தை வாயால் பாடிக்கொள்ளுங்கள், காதுக்கு நல்லது, தாளில் எழுதாதீர்கள்.

நீள அளவுகளில் நமக்குத் தடுமாற்றமே வராது. முழுநோட்டு நான்கு எண்ணிக்கை, பாதி நோட்டு இரண்டு, கால் நோட்டு ஒன்று. தொடையில் தாளம் போட்டு வளர்ந்தவர்களுக்கு ஒரு மாலைப் பாடம்.

பயிற்சிக்கு நீண்ட நேரம் வேண்டாம். ஞாயிற்றுக்கிழமை இரண்டு மணி நேரம் உட்காருவதைவிடத் தினமும் கால்மணி நேரம் பலன் தரும். இடைவெளி விட்டுப் படிப்பது நினைவில் தங்கும் என்பது 1885-இல் எபிங்ஹவுஸ் காலம் தொட்டு மறுபடி மறுபடி உறுதியான ஒன்று. வேகத்தைக் குறைத்து, சவுக்க காலத்தில், விரலைப் பார்க்காமல் தாளையே பார்த்து வாசியுங்கள். பழகிய பாடத்தையே திரும்ப வாசித்தால் மனப்பாடம்தான் வளரும். தாள் படிக்கத் தெரியவேண்டுமானால் தினமும் இதுவரை பார்க்காத நான்கு வரி வேண்டும். எவ்வளவு எளியதானாலும் பரவாயில்லை.

தருமபுரியில் வீட்டில் கற்கிறவர்கள் பெரும்பாலும் தொடங்குவது 61 கட்டைக் கீபோர்டில். அதில் 36 வெள்ளை, 25 கறுப்பு; இடமிருந்து மூன்றாவது சி நடு சி. முழுப் பியானோவில் 88 கட்டை, 52 வெள்ளை, 36 கறுப்பு. அங்கே நடு சி இடமிருந்து நான்காவது. தேர்வுக்கோ நிகழ்ச்சிக்கோ முதன்முறை உண்மையான பியானோ முன் உட்காரும்போது பலர் ஒரு ஸ்தாயி தள்ளி உட்கார்ந்துவிடுவது இதனால்தான். போனதும் நடு சி-யைத் தேடி, அதற்கு நேரே நாற்காலியைப் போட்டுக்கொள்ளுங்கள்.

கடைசியாகப் பெற்றோருக்கு ஒரு வேண்டுகோள். கீபோர்டு வாங்கியதும் கட்டைகளின்மேல் எழுத்து ஸ்டிக்கர் ஒட்டாதீர்கள். ஒட்டியிருந்தால் இன்றே உரித்துவிடுங்கள். ஸ்டிக்கர் இருக்கும்வரை பிள்ளையின் கண் தாளைவிட்டுக் கட்டைக்கு ஓடிக்கொண்டே இருக்கும். இரண்டு கறுப்பு, மூன்று கறுப்பு என்று பலகையிலேயே அடையாளம் செய்துவைத்திருக்கிறார்கள். அதுவே போதும்.